தெருவைச் சொல்லிக் காட்ட ஓர் ஆள் வேண்டும்

(முன்னாள் மாணவர் சங்க ஆண்டுக் கூடுகையில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



"மெக்சிகோவில் என் தொழில் அனுபவங்கள்" என்று பேசச் சொன்னார்கள். கார் உதிரிபாகத் தொழிற்சாலையின் அனுபவங்களை மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு சொன்னால் பாதிப் பேர் தூங்கிவிடுவீர்கள். மீதிப் பேர் மரியாதைக்காக விழித்திருப்பீர்கள். அதனால் சாப்பாட்டைப் பற்றியே பேசலாம் என்று வந்திருக்கிறேன். தெருவோரச் சாப்பாடு. அதை நடந்தே போய், ஒருவர் சொல்லச் சொல்லக் கேட்டுச் சாப்பிடுவது. நம் விடுதியில் நான்கு வருடம் சாப்பிட்டவனுக்கு உலகத்தில் எந்தத் தெருச் சாப்பாட்டைக் கண்டும் பயம் வராது என்ற தகுதி ஒன்று போதும், இந்தத் தலைப்பில் பேச.

நான் வேலை பார்த்த ஊர் புவெப்லா. மெக்சிகோ நகரத்துக்குத் தென்கிழக்கே இருக்கிறது. ஸ்பானியர்கள் 1531-ல் அமைத்த நகரம். அதன் பழைய பகுதி 1987 முதல் யுனெஸ்கோவின் பாரம்பரியப் பட்டியலில் இருக்கிறது. அங்கே ஒரு சனிக்கிழமை, தெருச் சாப்பாட்டு நடை ஒன்றுக்குக் காசு கட்டிச் சேர்ந்தேன். எட்டுப் பேர், மூன்றரை மணி நேரம், ஆறு கடை. கூட்டிப்போனவர் வரலாறு படித்த ஒரு பெண். வயது இருபத்தைந்துக்கு மேல் இராது. கழுத்தில் வழிகாட்டிக்கான அடையாள அட்டை.

முதல் கடையில் ஓர் அம்மா சோளத் தோசைக்கல் மாதிரி ஒரு வட்டக் கல்லில் தொர்த்தியா சுட்டுக்கொண்டிருந்தார். வழிகாட்டி எங்களைச் சாப்பிட விடவில்லை. "முதலில் வாளியைப் பாருங்கள்" என்றார். வாளியில் மக்காச்சோளம் ஊறிக்கொண்டிருந்தது. தண்ணீர் மஞ்சளாக இருந்தது. காரணம் சுண்ணாம்பு! சோளத்தின் எடையில் ஏறக்குறைய நூற்றுக்கு ஒரு பங்கு சுண்ணாம்பு சேர்த்து, வேகவைத்து, இரவெல்லாம் ஊறப்போட்டு, காலையில் கழுவி அரைக்கிறார்கள். தோல் கழன்றுவிடும், மாவு ஒட்டும், வட்டமாகத் தட்ட வரும். அதோடு முடியவில்லை. மக்காச்சோளத்தில் உள்ள நியாசின் என்ற வைட்டமின் அப்படியே தின்றால் உடம்பில் ஒட்டாது. சுண்ணாம்பு அதை விடுவிக்கிறது. மக்காச்சோளத்தைக் கப்பலேற்றி ஐரோப்பாவுக்குக் கொண்டுபோனவர்கள் சுண்ணாம்பு விஷயத்தைக் கொண்டுபோகவில்லை. 18-ஆம் நூற்றாண்டில் ஸ்பெயினிலும் வட இத்தாலியிலும் சோளத்தையே நம்பியிருந்த ஏழைகளுக்குப் பெலக்ரா என்ற கொடிய நோய் வந்தது. பொருள் போயிற்று, அதைச் செய்யும் அறிவு போகவில்லை. அதற்கான விலை அது.

தம்பி தங்கைகளே, இதை நான் எந்தப் பாடப் புத்தகத்திலும் படிக்கவில்லை. ஒரு பிளாஸ்டிக் வாளியின் பக்கத்தில் நின்று படித்தேன். எவ்வளவு சூடு, எவ்வளவு நேரம், எவ்வளவு காரம் என்று நாங்கள் தொழிற்சாலையில் பலகை மாட்டி வைத்திருப்போமே, அத்தனையும் அந்த அம்மாவின் விரல் நுனியில் இருந்தது.

அடுத்த கடையில் 'அரபு டாக்கோ'. நிமிர்ந்து சுழலும் கம்பியில் இறைச்சி. மத்தியக் கிழக்கிலிருந்து குடியேறியவர்கள் இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் புவெப்லாவுக்குக் கொண்டுவந்த முறை. அதற்கடுத்து, புளித்தண்ணீர் விற்கும் தள்ளுவண்டி. குடித்துப் பார்த்தேன், நம்ம பானக்காரம்! கருப்பட்டிக்குப் பதில் சர்க்கரை, அவ்வளவுதான் வித்தியாசம். 'தமரிந்தோ' என்கிறார்கள். அரபியில் 'இந்தியப் பேரீச்சை' என்று பொருள்படும் சொல்லிலிருந்து வந்த பெயர். 1565 முதல் 1815 வரை பிலிப்பைன்சின் மணிலாவுக்கும் மெக்சிகோவின் அகாபுல்கோவுக்கும் இடையே ஓடிய ஸ்பானியக் கப்பல்களைச் சொல்லி, வழிகாட்டி இன்னொரு கதையும் சொன்னார். இந்தியாவில் பிடிக்கப்பட்டு, கொச்சி வழியாக மணிலாவுக்குப் போய், அங்கிருந்து அடிமையாகப் புவெப்லாவுக்கு வந்த ஒரு பெண்ணின் கதை. கத்தரீனா தெ சான் ஹுவான் என்று பெயர் வைத்தார்கள். 1688-ல் அந்த ஊரிலேயே இறந்தாள். ஊரே புனிதவதி என்று கொண்டாடிய பெண். செங்கோட்டையில் ரயில் ஏறினால் எட்டிப்பிடிக்கிற கொச்சியின் பெயரை, உலகத்தின் மறுகோடியில், புளித்தண்ணீரும் கையுமாகக் கேட்டேன்.

இனி நம்ம ஊருக்கு வருகிறேன். என்னோடு வேலை பார்த்த மெக்சிகோ நண்பர் ஒருவர் ஒரு ஜூன் மாதம் இந்தியா வந்தார். அச்சன்புதூரில் எங்கள் வீட்டில் தங்கினார். "எங்கள் தெருவை உனக்குக் காட்டினோம். உங்கள் தெருவைக் காட்டு" என்று கேட்டார். நியாயம்தானே?

நடை எங்கள் வீட்டுப் புறவாசலிலேயே தொடங்கிவிட்டது. அம்மியைப் பார்த்ததும் மனுஷன் குனிந்து தொட்டுப் பார்த்தார். அவர் பாட்டி வீட்டில் இருப்பது 'மெதாத்தே'. மூன்று கால் வைத்த கல், மேலே உருட்டக் குழவி. அம்மா அவரிடம் மிளகாயைக் கொடுத்து, "அரைக்கட்டும் பாப்பம்" என்றாள். அரைத்தார். சுற்றிலும் பார்த்துவிட்டு, கொய்யா, பப்பாளி, சீதா மூன்றையும் காட்டி, "இந்த மூன்று மரமும் எங்கள் கண்டத்து மரம்" என்றார். அம்மா ஒப்புக்கொள்ளவில்லை. "எங்க ஆச்சி காலத்துலயே இந்தக் கொய்யா நிக்கி. அவுக ஊர் மரம்னு எப்படிச் சொல்லுதாக?" என்றாள். உண்மை என்னவென்றால் மிளகாயும்கூட அந்தப் பக்கத்துச் சரக்குதான். போர்த்துக்கீசியர் 16-ஆம் நூற்றாண்டில் கொண்டுவந்தார்கள். மிளகு தெரிந்த நாம் அதற்கு 'மிளகாய்' என்று பெயர் வைத்துச் சொந்தமாக்கிக்கொண்டோம்.

தென்காசியில் இறங்கி, பராக்கிரம பாண்டியன் எடுப்பித்த கோயிலின் கோபுரத்தை அண்ணாந்து பார்த்துவிட்டு, ரோட்டோரம் பதநீர் விற்கும் பெரியவரிடம் நின்றோம். பனையோலைப் பட்டையில் ஊற்றிக் கொடுத்தார். நண்பர் ஒரு மடக்குக் குடித்து, "அகுவாமியேல்!" என்றார். அங்கே கற்றாழை இனத்துச் செடியிலிருந்து இறக்கும் இனிப்பு நீர் அது. புளித்தால் 'புல்கே'. நமக்குப் பதநீரும் கள்ளும் மாதிரி. "இது ஏன் புளிக்கவில்லை?" என்று கேட்டார். பெரியவர் கலயத்தைச் சாய்த்து உள்பக்கத்தைக் காட்டினார். வெள்ளை வெளேரென்று சுண்ணாம்பு! புவெப்லாவில் சோளத்தைத் திறந்துவிட்ட அதே சுண்ணாம்பு, தென்காசியில் பதநீர் கள்ளாக மாறாமல் வாசலை அடைத்து நிற்கிறது. ஒரே வேதிப்பொருள், இரண்டு ஊரில் இரண்டு வேலை.

"எத்தனை மரம் ஏறுதீய, அண்ணாச்சி?" என்று கேட்டேன். "முன்ன முப்பது. இப்ப பன்னெண்டு. எனக்குப் பொறவு இந்த மரத்துல கலயம் கட்ட ஆள் கெடையாது தம்பி. மவன் சென்னையில சாப்பாடு டெலிவரிக்கு ஓடுதான்" என்றார். இதை நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் நண்பர் பட்டையைக் கீழே வைக்காமல் நின்றார். அங்கேயும் இதே பேச்சு இருக்கிறது போலும்.

குற்றாலத்தில் சாரல். பேரருவிக்குப் போகும் கடைத்தெருவில் மங்குஸ்தான், ரம்புத்தான், துரியன் எல்லாம் குவிந்து கிடந்தன. ஒரு கடையில் கொதிக்கும் தேங்காய் எண்ணெய்க்கு மேலேயே நேந்திரங்காயைச் சீவி நேராக உள்ளே விழவிட்டுக்கொண்டிருந்தார் ஒருவர். விரலுக்கும் எண்ணெய்க்கும் ஒரு சாண்தான் இருக்கும். சலசலப்பு அடங்கும்போது உப்புத் தண்ணீர் ஒரு கரண்டி தெளித்தார். காய்க்குள் இருக்கும் ஈரம் ஆவியாகிப் போகிற சத்தம்தான் அந்தச் சலசலப்பு. சத்தம் குறைந்தால் ஈரம் குறைந்தது என்று அர்த்தம். வெப்பமானி இல்லை, கடிகாரம் இல்லை, காது ஒன்றே அளவுகோல்!

செங்கோட்டைப் பக்கம் போய், அவித்த மரச்சீனிக் கிழங்கும் காந்தாரி மிளகாய்ச் சட்னியும் வாங்கினோம். கிழங்கு தென் அமெரிக்காவிலிருந்து வந்தது. 1880-களில் திருவிதாங்கூரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜா அதைத் தம் நாட்டில் பரப்பினார். செங்கோட்டை அப்போது திருவிதாங்கூர். நண்பர் கண்ணில் நீர் வரச் சாப்பிட்டுவிட்டுச் சொன்னார்: "கிழங்கும் மிளகாயும் எங்கள் பக்கத்தவை. ஆனால் இந்த ஜோடியை நான் எங்கும் சாப்பிட்டதில்லை."

இரவு பிரானூர். பார்டர் புரோட்டா என்றால் உங்களில் பாதிப் பேருக்கு இப்போதே நாக்கில் நீர் ஊறும். ரஹ்மத் கடையில் வாழையிலை போட்டு, பூப்போல உதிரும் சின்னப் புரோட்டாவின் மேல் சால்னா ஊற்றி, பக்கத்தில் நாட்டுக்கோழி. நண்பர் கேட்டார்: "பார்டர் என்கிறீர்களே, எல்லை எங்கே?" நல்ல கேள்வி. கேரள எல்லை இப்போது புளியரைக்கு அப்பால் மலையில் இருக்கிறது. 1956 நவம்பர் 1-ஆம் தேதி மொழிவாரி மாநிலங்கள் அமைந்தபோது செங்கோட்டை தமிழ்நாட்டோடு சேர்ந்தது. அதற்கு முன் எல்லை இங்கேதான். எல்லை நகர்ந்துவிட்டது, பெயர் நகரவில்லை. ஒரு புரோட்டாவின் பெயருக்குள் ஒரு ராஜ்யத்தின் வரைபடம் மடித்து வைக்கப்பட்டிருக்கிறது. ஆனால் அன்று கடையில் இருந்த அத்தனை பேரில் எத்தனை பேருக்கு இது தெரியும்?

இங்கேதான் நான் சொல்ல வந்த விஷயம் இருக்கிறது. சீசனில் குற்றாலத்துக்கு லட்சக்கணக்கில் ஆள் வருகிறார்கள். குளிக்கிறார்கள், தின்கிறார்கள், போகிறார்கள். பதநீருக்கு மட்டும் பேரம் பேசுகிறார்கள்! ஏன்? அந்தக் கலயத்துக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்று சொல்ல ஆள் இல்லை. புவெப்லாவில் அந்த அம்மாவிடம் யாரும் பேரம் பேசவில்லை. அவர் செய்வது என்ன என்று ஒரு பெண் எங்களுக்கு முன்கூட்டியே சொல்லிவிட்டாள். மெக்சிகோவின் சமையல் மரபு 2010-ல் யுனெஸ்கோ பட்டியலில் ஏறியது. பட்டியலைவிட அந்தப் பெண்ணின் வாய்ச்சொல்தான் அன்று அந்த வாளிக்கு மதிப்புக் கொடுத்தது என்பேன்.

இது நமக்குப் புதிய கலையும் இல்லை. நம்ம மேலகரத்துத் திரிகூட ராசப்பக் கவிராயர் படைத்த குற்றாலக் குறவஞ்சியில் குறத்தி என்ன செய்கிறாள்? தன் மலையின் வளத்தை வந்தவளுக்குச் சொல்லிக் காட்டுகிறாள். ரசிகமணி டி.கே.சி. குற்றாலத்துக்கு வந்தவர்களுக்குச் சாப்பாட்டோடு கம்பனையும் பரிமாறினார். சொல்லிக் காட்டுவது இந்த மண்ணின் வழக்கம்.

"ஏழையின் அடுப்பைக் காட்சிப் பொருளாக்குவதா?" என்று யாராவது கேட்கலாம். கேட்கவும் வேண்டும். அதனால் புவெப்லாவில் நான் கவனித்த ஒழுங்கைச் சொல்கிறேன். வழிகாட்டி ஒவ்வொரு கடையிலும் முதலில் காசைக் கொடுத்தார், பிறகு பேசினார். உள்ளூர் வாடிக்கையாளர் வந்தால் நாங்கள் விலகி நின்றோம். கடைக்காரரைப் பெயர் சொல்லி அறிமுகம் செய்து, விளக்கத்தை அவர் வாயாலேயே சொல்லவைத்தார், தான் மொழிபெயர்த்தார். தெரியாததைக் கதை கட்டவில்லை. இந்த நான்கும் இருந்தால் அது காட்சி ஆகாது, மரியாதை ஆகும்.

நம் கல்லூரிக்கு என் வேண்டுகோள் இதுதான். வரலாறு, வேதியியல், தாவரவியல், தமிழ் என்று துறைக்கு இரண்டு மாணவர்களாவது சேரட்டும். முதல் வருடம் யாரையும் கூட்டிப்போக வேண்டாம். கடை கடையாகப் போய்க் கேட்டு எழுதட்டும். எந்த எண்ணெய், எவ்வளவு நேரம், யாரிடம் கற்றது, அடுத்து யார் செய்வார் என்று. 2014-ஆம் ஆண்டின் தெரு வியாபாரிகள் சட்டம் அவர்களுக்கு விற்பனைச் சான்றிதழ் பெற வழி செய்திருக்கிறது. அந்த விண்ணப்பத்தை நிரப்பிக் கொடுக்கட்டும். உணவுப் பாதுகாப்புப் பதிவுக்கும் உதவட்டும். அடுத்த வருடம் எட்டு எட்டுப் பேராகக் கூட்டிப்போகட்டும், சீசன் இல்லாத மாதங்களில் முதலில். கடைக்காரர்களுக்கு வியாபாரம் தேவைப்படுவது அப்போதுதான். முதல் ஆண்டுக்கான நோட்டு, பஸ் காசு, சாப்பாட்டுச் செலவு அத்தனையும் எங்கள் வகுப்புத் தோழர்கள் பொறுப்பு. மேடைக்கு வருமுன் பேசி முடிவு செய்துவிட்டோம். தப்பிக்க முடியாதபடி மைக்கில் சொல்லிவிட்டேன்.

பதநீர்ப் பெரியவர் இன்னும் எத்தனை கோடை மரம் ஏறுவார் என்று தெரியாது. அவர் மகன் திரும்பி வருவானா என்பதும் நம் கையில் இல்லை. ஆனால் அந்தக் கலயத்தில் எவ்வளவு சுண்ணாம்பு, எப்போது பூச வேண்டும் என்று அவரிடம் கேட்டு எழுதி வைப்பது நம் கையில்தான் இருக்கிறது. வரும் கோடைக்குள் கேளுங்கள். காசு கொடுத்துக் குடித்துவிட்டுக் கேளுங்கள்.