மேலவையில் நம் நாற்காலி

(திருவாலங்காட்டில் மாணவர்கள், தோழர்கள் கூடிய கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



இந்த ஊர்ல ‘சபை’ன்னு சொன்னா எல்லாருக்கும் ரத்தினசபைதான் ஞாபகம் வரும். அந்த மாதிரி சபைக்குள்ள நுழையறதுக்கே நமக்கு ஒரு சட்டம் தேவைப்பட்டது. சென்னை மாகாணத்தில் 1947இல் கோயில் நுழைவுச் சட்டம் வந்தது. நான் இன்றைக்குப் பேச வந்தது இன்னொரு சபையைப் பற்றி. டெல்லியில் இருக்கிற மாநிலங்களவை. அதற்குள் போன நம் பெண் ஒருவரைப் பற்றி.

சத்தியவாணி முத்து. 1923இல் பிறந்தவர். 1957இல் பெரம்பூரில் சுயேச்சையாக நின்று சட்டமன்றம் போனார். 1962இல் தோற்றார். 1967லும் 1971லும் தி.மு.க. சார்பில் அதே பெரம்பூரில் ஜெயித்தார். அண்ணா அமைச்சரவையில் அமைச்சர். கொடுத்த துறை அரிசன நலம். நம்மாளுக்கு நம்ம துறை, அதுதானே வழக்கம்!

அவர் அமைச்சராக இருந்தபோதுதான், 1968 டிசம்பர் 25இல், கீழவெண்மணியில் 44 பேரைக் குடிசைக்குள் வைத்துக் கொளுத்தினார்கள். “நம்ம அம்மா ஒருத்தர் அமைச்சரா இருந்தும் என்ன ஆச்சு?” என்று கேட்கிறவர்கள் உண்டு. கேள்வி நியாயம்தான். ஆனால் அதை அவரிடம் மட்டும் கேட்டுவிட்டு நிறுத்தக்கூடாது. தனி ஆளாக அமைச்சரவையில் உட்கார வைக்கப்பட்டவருக்கு எவ்வளவு அதிகாரம் இருந்தது என்றும் கேட்கணும்.

1974இல் தாழ்த்தப்பட்டோரைக் கட்சி கவனிக்கவில்லை என்று சொல்லி வெளியே வந்தார். தாழ்த்தப்பட்டோர் முன்னேற்றக் கழகம் தொடங்கினார். பதவியில் இருந்தவர் அதை விட்டுவிட்டு வந்து சொன்னது இது. லேசான காரியமில்லை. ஆனால் தனிக்கட்சியால் நிற்க முடியவில்லை. 1977 தேர்தலுக்குப் பிறகு அ.தி.மு.க.வில் இணைத்தார். 1978இல் அந்தக் கட்சி அவரை மாநிலங்களவைக்கு அனுப்பியது. 1979இல் சரண்சிங் அமைச்சரவையில் மத்திய அமைச்சரானார். அவரும் பாலா பழனூரும்தான் திராவிடக் கட்சியிலிருந்து மத்திய அமைச்சரவைக்குப் போன முதல் ஆட்கள். அந்த ஆட்சி சில மாதமே நீடித்தது. 1984இல் அவருடைய மாநிலங்களவைக் காலம் முடிந்தது. 1999இல் மறைந்தார்.

இதில் நாம் பார்க்க வேண்டியது என்ன? ஊராட்சியில் நமக்கு ஒதுக்கீடு உண்டு. சட்டமன்றத்தில் உண்டு. மக்களவையில் உண்டு. மாநிலங்களவையில் கிடையாது. தலித்துக்கும் கிடையாது, பெண்ணுக்கும் கிடையாது. 2023இல் மகளிர் இடஒதுக்கீட்டுக்கு அரசியல் சட்டத்தைத் திருத்தினார்களே, அதுவும் மக்களவைக்கும் சட்டமன்றங்களுக்கும் மட்டும்தான். அதனால் மேலவைக்குப் போகிற தலித் பெண் கட்சித் தலைமை மனசு வைத்தால்தான் போக முடியும். கட்சியை எதிர்த்து வெளியே வந்தவர்கூட இன்னொரு கட்சியின் கதவைத் தட்டித்தான் அங்கே போனார். அது அவருடைய பலவீனம் இல்லை. ஏற்பாடே அப்படி.

ஒரு கணக்குப் போடுங்கள். தமிழ்நாட்டில் 234 எம்.எல்.ஏ. ஒரு தடவைக்கு ஆறு மாநிலங்களவை இடம். 34 ஓட்டு இருந்தால் ஒருவர் ஜெயித்துவிடலாம். பட்டியல் சாதியினருக்கான தனித்தொகுதி 44. அந்த 44 பேரும் சேர்ந்தால் ஒருவரைத் தாங்களாகவே அனுப்பலாம். அனுப்ப முடியுமா? 2003இல் சட்டத்தைத் திருத்தி, போடுகிற ஓட்டைக் கட்சி முகவரிடம் காட்ட வேண்டும் என்று ஆக்கிவிட்டார்கள். 1932 பூனா ஒப்பந்தத்தில் நாம் இழந்தது என்ன என்பது இங்கே வெளிச்சமாகத் தெரிகிறது. உட்கார இடம் உண்டு, நம் ஆளை நாமே தேர்ந்தெடுக்கிற உரிமை இல்லை.

நேபாளத்தைப் பாருங்கள். 2015இல் எழுதிய அரசியல் சட்டத்தில் அவர்களுடைய மேலவைக்கு 59 பேர். ஏழு மாகாணத்திலிருந்தும் எட்டெட்டு பேர். அந்த எட்டில் குறைந்தது மூன்று பெண்கள், ஒரு தலித் இருந்தே ஆகணும். அங்கேயும் பேரைத் தீர்மானிக்கிறது கட்சித் தலைமைதான். ஆனால் தலித்தை விட்டுவிட்டுத் தீர்மானிக்க முடியாது. அந்த நாற்காலிக்கு யாருக்கும் நன்றி சொல்ல வேண்டியதில்லை.

அம்பேத்கரே 1952இல் மக்களவைத் தேர்தலில் தோற்று, மாநிலங்களவை வழியாகத்தான் நாடாளுமன்றம் போனார். அந்த அவை நமக்கு வேண்டாத அவை இல்லை.

இங்கே இருக்கிற தங்கச்சிமார்கள் நாளைக்கு ஊராட்சித் தேர்தலில் நிற்பீர்கள். நில்லுங்கள். அதோடு, ஓட்டு கேட்டு வருகிற ஒவ்வொரு கட்சிக்காரரையும் கேளுங்கள்: “உங்கள் கட்சி மாநிலங்களவைக்கு எத்தனை தலித் பெண்களை அனுப்பியது? அங்கே ஒதுக்கீடு கேட்டு எப்போது குரல் கொடுத்தீர்கள்?” பதில் வரும்வரை விடாதீர்கள்.

ஜெய்பீம்.