கொல்லிமலைச் சாமையும் உலக்கையும்

வல்வில் ஓரி ஆண்ட கொல்லிமலையை இலக்கியப் பாடத்தில் அறிந்திருப்பீர்கள். நாமக்கல் மாவட்டத்திலுள்ள அம்மலைமீது 70 கொண்டையூசி வளைவுகளைக் கடந்து ஏற வேண்டும். அங்கு வாழ்வோர் மலையாளிகள். கேரளத்தாரை நினைத்துவிடாதீர்கள், மலையில் வாழ்வோர் என்பதே இங்குப் பொருள். சாமை, தினை, கேழ்வரகு ஆகியவையே நெடுங்காலம் அவர்தம் உணவு.

கேழ்வரகைத் திரிகையிலிட்டு அப்படியே மாவாக்கலாம். சாமை அவ்வாறன்று. மணியோ மிகச் சிறிது. உமியோ அதனை இறுகப் பற்றியிருக்கும். வெயிலில் காயவைத்து, உரலிலிட்டு உலக்கையால் குற்றி, முறத்தில் புடைத்து, உமி நீங்காத மணிகளை மீண்டும் உரலில் இட வேண்டும். ஓங்கிக் குற்றினால் நொய்யாகிவிடும். மெல்லக் குற்றினால் உமி போகாது. பகலெல்லாம் களையெடுத்து, விறகும் தண்ணீரும் சுமந்த பெண்களுக்கே இவ்வேலையும் வாய்த்தது. ஆடவர் கைக்கு உலக்கை வருவது அரிது.

பின்னர், சேலத்து ஜவ்வரிசி ஆலைகளுக்கென மரவள்ளி மலையேறிற்று. கிழங்கை விற்றால் பணம், குற்றும் வேலையில்லை. நியாயவிலைக் கடையில் நெல்லரிசியும் கிடைத்தது. சாமைக் கொல்லைகள் சுருங்கின. மலைமக்கள் பாட்டன் உணவை மறந்தனரே எனச் சமவெளியில் சிலர் வருந்துவர். அன்னார் ஒரு படி சாமையைக் குற்றி முடித்தபின் வருந்துவது நலம்.

எம். எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தார் 1990-களில் அங்குப் பணியாற்றத் தொடங்கினர். விதையும் உரமும் பற்றிப் பேசுவதோடு அவர்கள் நின்றுவிடவில்லை. உமி நீக்கும் சிறு பொறிகளை மலையூர்களில் அமைக்கவும் துணைநின்றனர். அவற்றைப் பெண்களின் சுயஉதவிக் குழுக்கள் நடத்தின. நாழிகைக்கணக்கில் குற்ற வேண்டியிருந்த சாமை, சில நிமிடங்களில் அரிசியாகி முறத்துக்கு வந்தது.