கடிச்ச நாயைத் தேடாதீங்க, முதல்ல சோப்பைத் தேடுங்க

(கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் சுகாதார உபகுழு சார்பில் ஆற்றிய உரை)



எனக்கு முன்னால் பேசியவர்கள் சேமிப்பு பற்றி, வங்கிக் கடன் பற்றி, நம்ம குழுப் பொருட்களைச் சந்தைப்படுத்துவது பற்றிப் பேசினார்கள். நான் பேசப் போவது நாய்க்கடி. "ஆண்டு விழாவில் பேச வேற விஷயமே கிடைக்கலையா?" என்று பின்வரிசையில் ஒருத்தர் சிரிக்கிறது தெரியுது. சிரிங்க. ஆனா ஒரு கேள்வி. இங்கே இருக்கிறவங்களில் யாரையாவது, யார் வீட்டுப் பிள்ளையையாவது, யார் ஆட்டையாவது நாய் கடிச்சிருக்கா? கை தூக்குங்க பார்க்கலாம்.

பார்த்தீங்களா? பாதிக் கைக்கு மேல தூக்கியாச்சு. அதனால்தான் பேசுகிறேன்.

முதலில் உயிர் போகிற விஷயத்தைச் சொல்லி முடிச்சிடறேன். ரேபிஸ் என்கிற வெறிநாய்க்கடி நோய் வந்துவிட்டால், அதாவது தண்ணீரைக் கண்டு பயப்படுவது, காற்றுப் பட்டாலே உடம்பு தூக்கிப் போடுவது போன்ற அறிகுறிகள் தொடங்கிவிட்டால், காப்பாற்ற மருந்து கிடையாது. பெரிய ஆஸ்பத்திரியிலும் கிடையாது. ஆனால் கடித்த உடனே செய்ய வேண்டியதைச் செய்துவிட்டால் இந்த நோய் வராமல் தடுத்துவிடலாம். உலகம் முழுக்க வருஷத்துக்குச் சுமார் 59,000 பேர் இதில் சாகிறார்கள் என்றும், அதில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் இந்தியாவில்தான் என்றும் உலக சுகாதார நிறுவனம் கணக்குச் சொல்கிறது. கடிபடுகிறவர்களில் 100-க்கு 40 பேர் 15 வயதுக்குக் கீழே உள்ள பிள்ளைகள். பெரிய ஆளைக் காலில் கடிக்கிற நாய், சின்னப் பிள்ளையை முகத்தில் கடிக்கிறது. முகம், கழுத்து, கை என்றால் கிருமி மூளைக்குப் போகிற தூரம் குறைவு. அதனால் ஆபத்து அதிகம்.

கடித்தவுடன் நம்ம ஊரில் என்ன நடக்கும்? எல்லாரும் நாயைத் துரத்திக்கிட்டு ஓடுவாங்க. ஒருத்தர் மிளகாய்த்தூள் வைப்பார், ஒருத்தர் மஞ்சள், ஒருத்தர் சுண்ணாம்பு, ஒருத்தர் காப்பித்தூள். சமையல்கட்டில் இருக்கிற எல்லாம் காயத்துக்கு வந்துவிடும், சோப்பைத் தவிர! அக்கா, வேண்டியது சோப்பு மட்டும்தான். குழாயைத் திறந்து விட்டு, சோப்புப் போட்டு, 15 நிமிஷம் கழுவணும். 15 நிமிஷம் என்றால் ஒரு உலை அரிசி வேகிற நேரம். பிள்ளை அழும், எரியும். விடாம கழுவுங்க. ரேபிஸ் கிருமிக்கு சோப்பு எதிரி. குளிக்கிற சோப்பு, துணி சோப்பு எதுவானாலும் சரி. கழுவி முடித்து இறுக்கிக் கட்டுப் போடாமல் அப்படியே ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்க.

ஊசி என்றதும் வயதானவர்களுக்குப் பயம். தொப்புளைச் சுற்றி 14 ஊசி போடுவார்களே, அந்த நினைவு. அந்த மருந்தை நிறுத்தி 20 வருஷம் ஆச்சு. இப்போது கையில்தான் போடுகிறார்கள். அரசு ஆஸ்பத்திரியில் தோலுக்குள் போடுகிற முறையில், முதல் நாள், 3-ஆம் நாள், 7-ஆம் நாள், 28-ஆம் நாள் என்று நாலு தடவை போகணும். காசு கிடையாது. காயம் ஆழமாக இருந்து ரத்தம் வந்திருந்தால், இதோடு சேர்த்துக் காயத்தைச் சுற்றி இம்யூனோகுளோபுலின் என்று இன்னொரு ஊசியும் போடணும். தடுப்பூசி வேலை செய்ய ஆரம்பிக்கச் சில நாள் ஆகும். அதுவரைக்கும் கிருமியை அங்கேயே மடக்கி வைக்கிறது இந்த ஊசிதான். "அந்த ஊசி தேவையா, எங்கே கிடைக்கும்?" என்று டாக்டரிடம் நீங்களே கேளுங்க. தயங்காதீங்க. கர்ப்பிணிகளும் பால் கொடுக்கிற தாய்மார்களும்கூட இந்தத் தடுப்பூசி போட்டுக்கொள்ளலாம்.

"நாய் நல்லாத்தானே இருக்கு", "குட்டி நாய்தானே", "நம்ம வீட்டு நாய்தானே" என்று காத்திருக்கக் கூடாது. நாயை 10 நாள் கவனிக்கச் சொல்வது சரிதான். ஆனால் ஊசியை முதல் நாளே ஆரம்பித்துவிட்டு நாயைக் கவனியுங்க. பூனை, குரங்கு கடித்தாலும் இதே கதைதான்.

இன்னொன்றையும் நாம் நேராகப் பேசணும். பலபேர் முதல் ஊசியோடு நிறுத்திவிடுகிறார்கள். ஏன்? அலட்சியம் இல்லை. 3-ஆம் நாள் போனால் அன்றைய கூலி போச்சு. பஸ் செலவு, பிள்ளையைக் கூட்டிப் போக ஒரு ஆள். 28-ஆம் நாள் வருகிறபோது காயம் ஆறிவிட்டது, மறந்தும் போச்சு. இதற்கு நம்ம கூட்டமைப்பு என்ன செய்யலாம் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

அடுத்தது இந்தப் பெரிய நாய் விவகாரம். ராட்வீலர், பிட்புல் என்று இப்போது நம்ம பக்கத்துத் தோட்டங்களுக்கும் வந்துவிட்டது. 2024 மே மாதம் சென்னையில் மாநகராட்சிப் பூங்காவில் 5 வயதுப் பெண் குழந்தையை இரண்டு ராட்வீலர் நாய்கள் கடித்துக் குதறிய செய்தியை டிவியில் பார்த்திருப்பீங்க. அது பூங்காக் காவலாளியின் குழந்தை. நாய் வசதியுள்ளவர் வீட்டு நாய். கடிபட்டது உழைக்கிறவர் வீட்டுப் பிள்ளை. இதைக் கவனிக்கணும்.

அதற்கு இரண்டு மாதம் முன்னால், மார்ச்சில், மத்திய அரசு பிட்புல், ராட்வீலர் உள்ளிட்ட 23 வகை நாய்களை விற்கவும் இனப்பெருக்கம் செய்யவும் அனுமதிக்க வேண்டாம் என்று மாநிலங்களுக்கு எழுதியது. சம்பந்தப்பட்டவர்களைக் கலந்து பேசவில்லை என்று ஏப்ரலில் கர்நாடக உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது. இங்கிலாந்தில் 1991-லேயே நாலு வகை நாய்களுக்குத் தடைச் சட்டம் போட்டார்கள். 30 வருஷம் கழித்து எக்ஸ்.எல். புல்லி என்று ஐந்தாவது ஒன்றையும் சேர்க்க வேண்டி வந்தது. பட்டியல் போட்டால் பட்டியலில் இல்லாத நாயை வாங்குகிறார்கள்.

அப்படியென்றால் இனம் முக்கியமே இல்லையா? முக்கியம்தான். நம்ம தெருநாய் 15, 20 கிலோ இருக்கும். ராட்வீலர் ஆண் நாய் 50 கிலோ. அந்தக் காலத்தில் ஜெர்மனியில் மாடு ஓட்டவும் கறிக்கடைக்காரர் வண்டி இழுக்கவும் வளர்த்த நாய் அது. பிட்புல்லை உருவாக்கியதே சண்டைக்காக. கடி எவ்வளவு ஆழம் என்பதை நாயின் இனமும் எடையும் முடிவு பண்ணுது. கடிக்குமா, கடிக்காதா என்பதைப் பெரும்பாலும் வளர்ப்பு முடிவு பண்ணுது. பகல் முழுக்கச் சங்கிலியில் கட்டிப் போட்டு, யாரோடும் பழக விடாமல், கோபப்படுத்தி வளர்த்தால் ராஜபாளையமும் கடிக்கும், கோம்பையும் கடிக்கும், நாட்டு நாயும் கடிக்கும்.

நம்ம ஊராட்சியில் நடந்ததைச் சொல்கிறேன். பெயர் வேண்டாம், இரண்டு பேருமே இங்கே உட்கார்ந்திருக்கிறார்கள். சொல்லலாம் என்று இரண்டு பேரும் சம்மதம் கொடுத்த பிறகுதான் சொல்கிறேன். தென்னந்தோப்பில் வீடு கட்டியிருக்கிற ஒரு அக்கா வீட்டில் ராட்வீலர் வாங்கினார்கள். அதே குழுவில் இருக்கிற தங்கச்சியின் 9 வயது மகள், காலையில் பால் ஊற்றப் போகும்போது, அந்த நாய் படல் வழியாக வெளியே வந்து தொடையில் கடித்துவிட்டது. சதை கிழிந்து, மாவட்ட ஆஸ்பத்திரியில் 6 நாள் இருந்தாள்.

அக்காதான் அந்தக் குழுவின் ஊக்குநர். தங்கச்சி, "அவங்க கையெழுத்துப் போடுற நோட்டுல என் தவணை ஏறாது" என்று கூட்டத்துக்கே வரவில்லை. அவளோடு நாலு பேர் நின்றுவிட்டார்கள். இரண்டு மாதம் வசூல் இல்லை. வங்கியிலிருந்து போன் வந்தது. ஒரு நாய் 12 பேர் குழுவை உடைக்கப் பார்த்தது.

கூட்டமைப்பிலிருந்து நாங்கள் மூன்று பேர் போய்ப் பேசினோம். அக்கா பக்கத்திலும் நியாயம் இருந்தது. "வீட்டுக்காரர் லாரிக்குப் போனா 15 நாள் வர மாட்டார். மோட்டார் ஒயரை ரெண்டு தடவை அறுத்துட்டுப் போயிட்டாங்க. நானும் மாமியாரும் மட்டும் தோட்டத்துல. நாய் இல்லாம எப்படிப் படுக்கிறது?" என்று கேட்டார். தங்கச்சியிடம் என்ன வேண்டும் என்று கேட்டோம். "ஆஸ்பத்திரிச் செலவு கொடுக்கட்டும். ஆனா அது போதாது. என் மக இப்போ அந்தப் பாதையில போக மாட்டேங்கிறா. வாய்க்கால் கரையைச் சுத்தி ஒரு கிலோமீட்டர் போறா. அதுக்கு என்ன பதில்?" என்றாள்.

அந்தக் கேள்விதான் வழி காட்டியது. செலவும், தாய் வேலைக்குப் போகாத நாட்களின் கூலியும் அக்கா கொடுத்தார். படலை எடுத்துவிட்டு ஆள் உயரத்துக்குக் கம்பி வேலியும் கேட்டும் போட்டார்கள். பகலில் கூண்டு, ராத்திரி வேலிக்குள்ளே மட்டும் அவிழ்த்து விடுவது, வெளியே கூட்டிப் போனால் வார் கட்டி, வாய்மூடி போட்டு, பெரிய ஆள் பிடித்துக்கொண்டு போவது என்று தீர்மான நோட்டில் எழுதினோம். நாயின் தடுப்பூசி அட்டையை வருஷம் ஒருமுறை குழுவில் காட்டுகிறார். தங்கச்சி கூட்டத்துக்கு வருகிறாள். தவணை ஏறுகிறது. பிள்ளை இப்போதும் வாய்க்கால் வழியாகத்தான் போகிறாள். அதையும் மறைக்காமல் சொல்லணும்.

பேசித் தீராவிட்டால் சட்டம் இருக்கிறது. தன் வசம் உள்ள விலங்கால் பிறருக்கு ஆபத்து வராமல் பார்த்துக்கொள்ளாத உரிமையாளருக்கு, பாரதிய நியாய சன்ஹிதா 291-ஆம் பிரிவின்படி 6 மாதம் வரை சிறை அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் விதிக்கலாம்.

இனித் தெருநாய். கடிகளில் நிறைய இதில்தான். குழுக் கடனில் ஆடு வாங்கியவர்களுக்கு இந்த வலி தெரியும். ஒரே ராத்திரியில் பட்டிக்குள் புகுந்து குட்டிகளைக் குதறிப் போட்டால், ஆடு போனாலும் கடன் போகாது. திருப்பூர் மாவட்டம் காங்கேயம், வெள்ளக்கோயில் பக்கம் செத்த ஆடுகளை ரோட்டில் போட்டே விவசாயிகள் போராடினார்கள். அதற்குப் பிறகுதான் இழப்பீடு பற்றி அரசு பேசியது. ஆடு, மாட்டை நாய் கடித்தால் உடனே கால்நடை மருந்தகத்துக்குச் சொல்லுங்க. போட்டோ எடுத்து வையுங்க. செத்துவிட்டால் டாக்டர் பார்த்துச் சான்று தருகிற வரை புதைக்காதீங்க.

கோபத்தில் விஷம் வைக்கிறது சட்டப்படி குற்றம். பலனும் இல்லை. காலியான இடத்துக்கு வேற ஊர் நாய் வந்துவிடும், அதற்குத் தடுப்பூசியும் போட்டிருக்காது. 2023-இல் வந்த விதிகளின்படி, தெருநாய்களைப் பிடித்து, கருத்தடை செய்து, தடுப்பூசி போட்டு, அதே இடத்தில் விடணும். செய்ய வேண்டியது உள்ளாட்சி. 2025 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றமும் இதை உறுதி செய்தது. வெறி பிடித்த, மூர்க்கமான நாய்களைத் திரும்ப விடக் கூடாது என்றும் சொன்னது. அதே ஆண்டு நவம்பரில், பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, பஸ் நிலையம் போன்ற இடங்களில் பிடிக்கிற நாய்களை அங்கேயே திரும்ப விடக் கூடாது என்று உத்தரவிட்டது. ஆகவே கேட்க நமக்கு உரிமை இருக்கிறது. நம்ம பங்கும் உண்டு. கறிக்கடைக் கழிவையும் கல்யாண மண்டப எச்சில் இலையையும் ரோட்டோரம் கொட்டினால் நாய்க்கு விருந்து வைக்கிறது நாம்தான்.

பிள்ளைகளுக்கு மூன்று விஷயம் சொல்லிக்கொடுங்க. சாப்பிடுகிற நாய், தூங்குகிற நாய், குட்டி போட்ட நாய் பக்கம் போகக் கூடாது. நாய் வந்தால் ஓடக் கூடாது. மரம் மாதிரி அசையாமல் நின்று, கண்ணைப் பார்க்காமல், அது போனதும் மெல்ல நகரணும். கீழே விழுந்துவிட்டால் சுருண்டு படுத்து, கையால் கழுத்தையும் காதையும் மூடிக்கொள்ளணும். நாலாவதாக ஒன்று, இது நமக்கு: நாய் பிராண்டியது என்று பிள்ளை வந்து சொன்னால் அடிக்காதீங்க. அடி விழும் என்று தெரிந்தால் அடுத்த தடவை சொல்லாது. சொல்லாத கடிதான் உயிரை எடுக்கும்.

கடைசியாக, சுகாதார உபகுழு சார்பில் நாலு கோரிக்கை வைக்கிறேன். அடுத்த பொதுக்குழுவில் தீர்மானமாக எடுக்கணும்.

ஒன்று: நாய்க்கடி ஊசிக்குப் போகிற உறுப்பினருக்கு, நாலு தடவைக்கும் பஸ் செலவுக்கு நலிவு நிலை குறைப்பு நிதியிலிருந்து அன்றைக்கே பணம் கொடுக்கணும். ஜாமீன் கேட்கக் கூடாது.

இரண்டு: ஊசி தேதிகளைக் குழு நோட்டில் எழுதணும். தவணை தேதியை ஞாபகப்படுத்துகிற நாம் 28-ஆம் நாளையும் ஞாபகப்படுத்தலாம்.

மூன்று: நாய் வளர்க்கிற உறுப்பினர்கள் எல்லாரும் வருஷம் ஒருமுறை தடுப்பூசி போடணும். செப்டம்பர் 28 உலக ரேபிஸ் நாள். அதையொட்டி கால்நடைத் துறையிடம் முகாம் கேட்டு நாமே நடத்தலாம்.

நாலு: வருஷத்துக்கு 6 கிராம சபை நடக்கிறது. வருகிற சபையில் எல்லா ஊராட்சியிலும் தெருநாய்க் கருத்தடையும் தடுப்பூசியும் தீர்மானமாக ஏறணும். நாம் பத்துப் பேர் எழுந்து நின்று கேட்டால் எழுதாமல் இருக்க முடியாது.

சந்தேகம் இருந்தால் 104-க்குப் போன் பண்ணிக் கேளுங்க. அவசரம் என்றால் 108. இன்று வீட்டுக்குப் போனதும், சோப்பு எங்கே இருக்கிறது என்று பிள்ளைகளுக்குக் காட்டி, எதற்கு என்றும் சொல்லிவையுங்க.