ஆட்டமும் ஊதியமும்



“உடலை வருத்தும் விளையாட்டு வீரர்களுக்குக் கோடிக்கணக்கில் பணம் தகுமா?” என்பது எனக்களித்த தலைப்பு. நம் சடுகுடுவாகிய கபடியையே சான்றாகக் கொள்கிறேன்.

2022-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம், இதே பெங்களூரில், கண்டீரவா உள்ளரங்கில் புரோ கபடிப் போட்டி நடந்தது. தமிழ் தலைவாஸ் அணியின் முன்னணி வீரர் பவன் ஷெராவத், ரயில்வே அணிக்காகவும் ஆடியவர். அவ்வாண்டு ஏலத்தில் அவருடைய விலை 2 கோடியே 26 லட்சம் ரூபாய். அதுவரை எவரும் பெறாத தொகை அது. முதல் ஆட்டத்தின் முதற்பாதியிலேயே அவருடைய முழங்காலில் பலத்த அடிபட்டது. அந்தப் பருவம் முழுவதும் அவர் மீண்டும் களமிறங்கவில்லை.

சில நிமிட ஆட்டத்துக்கு இத்தனை பணமா என்று சிலர் கேட்கக்கூடும். அது நிமிடக் கூலியன்று. பல்லாண்டுப் பயிற்சியின் மதிப்பு. நாம் அறுபது வயதுவரை வேலை செய்கிறோம். கபடி வீரனுக்கோ முப்பத்தைந்திலேயே மாலை மயங்கிவிடுகிறது.

ஆயினும், உடல் தேய்வே அளவுகோலானால், கொளுத்தும் வெயிலில் தண்டவாளம் காக்கும் கேங்மேனுக்கும், மூட்டை சுமக்கும் போர்ட்டருக்குமன்றோ முதலில் கோடி தரவேண்டும்? ஆகவே கோடிக்கு நியாயம் வேறிடத்தில் உள்ளது. சீட்டு வாங்கும் நாமும், தொலைக்காட்சி விளம்பரமும் தருகின்ற பணமே அது. ஆடுபவன் இல்லையேல் அவ்வருவாயே இல்லை. அதில் அவன் பங்கு பெறுவது தானமன்று, உரிமை.

பவன் மீண்டெழுந்தார். 2023-இல் ஹாங்சோ ஆசிய விளையாட்டில் இந்திய அணிக்குத் தலைமை தாங்கித் தங்கம் வென்றார். அதே மாதம் ஏலத்தில் 2 கோடியே 60 லட்சத்துக்கும் மேற்பட்ட விலை பெற்றார். நம் கவலை அவரைப் பற்றியதன்று. ஏலத்துக்குப் பெயர் போகுமுன்னரே, ஏதோ ஒரு சிற்றூர் மண்தரையில் முழங்கால் ஒடிந்தவனைப் பற்றியது. வலி இருவருக்கும் ஒன்றே. ஊதியம் ஒருவனுக்கு மட்டுமே.

இதற்கு வழி உண்டு. 1928-இல் தோன்றிய ரயில்வே விளையாட்டு வாரியத்தின் அணிகளில் ஆடுவோர், விளையாட்டுத் தகுதியால் வேலை பெற்று, ஆட்டம் ஓய்ந்தபின்னும் மாதச் சம்பளம் வாங்குகின்றனர். கோடிப் பணமன்று, ஆனால் அடுப்பு அணைவதில்லை.

நம் சங்கமும் இளைஞர்க்குப் போட்டி நடத்தும்போது, கோப்பைக்கு ஒதுக்கும் தொகையோடு காயத்துக்கும் ஒரு தொகை ஒதுக்குமாறு வேண்டுகிறேன். கைதட்டுகிறவர்களுக்கு அந்தக் கடன் உண்டு.

வாழ்க தமிழ்!