ஓபேதுக்குப் பெயர் வைத்த அண்டை வீட்டார்



ரூத்து நூல் நான்கே அதிகாரங்கள் கொண்டது. மாமியாரை விட்டுப் பிரியாத நல்ல மருமகளின் கதையாகவே அதை நாம் சொல்லிப் பழகிவிட்டோம். கதையின் கடைசிப் பக்கத்தில் ஒரு குழந்தை பிறக்கிறது. அந்தக் குழந்தையைப் பற்றி நாம் அதிகம் பேசுவதில்லை.

பிறந்த இடம் பெத்லகேம். தந்தை போவாசு, ஊரில் மதிப்புள்ளவர். தாய் ரூத்து மோவாபு நாட்டுப் பெண். பஞ்சம் பிழைக்கப் போன குடும்பத்தில் மருமகளாகி, கணவனை இழந்து, மாமியாரோடு எல்லை தாண்டி வந்தவர். வயலில் சிந்திய கதிரைப் பொறுக்கிச் சாப்பிட்டவர். மோவாபியரைப் பற்றி இணைச்சட்ட நூலின் 23ஆம் அதிகாரம் கடுமையாகவே பேசுகிறது. பத்தாம் தலைமுறை ஆனாலும் அவர்கள் ஆண்டவரின் சபையில் சேரக்கூடாது என்பது சட்டம். அப்படியானால் இந்தக் குழந்தை யார்? உள்ளூர்ப் பிள்ளையா, வெளியூர்ப் பிள்ளையா?

நூலாசிரியர் இந்தக் கேள்வியை விவாதிக்கவே இல்லை. அக்கம்பக்கத்துப் பெண்கள் கூடிவந்து, நகோமிக்கு ஒரு மகன் பிறந்திருக்கிறான் என்று மகிழ்ந்து, ஓபேது என்று பெயர் வைத்தார்கள் என எழுதிவிட்டு முடித்துவிடுகிறார். அந்த ஓபேதின் மகன் ஈசாய். ஈசாயின் மகன் தாவீது. பத்துத் தலைமுறை கடக்கவேண்டும் என்று சட்டம் சொன்னது. ரூத்தின் கொள்ளுப்பேரனே அரியணையில் அமர்ந்துவிட்டார்.

பாபிலோனிலிருந்து திரும்பிய காலத்தில், வேற்றினத்து மனைவியரையும் அவர்கள் பெற்ற பிள்ளைகளையும் அனுப்பிவிட முடிவெடுத்த செய்தி எஸ்ரா நூலின் பத்தாம் அதிகாரத்தில் இருக்கிறது. அந்த முடிவுக்குப் பதிலாகவே யாரோ ஒருவர் ரூத்தின் கதையை எழுதிவைத்தார் என்று கருதும் விவிலிய அறிஞர்கள் உண்டு. உறுதியாகச் சொல்ல முடியாது. ஆனால் இரண்டு நூல்களும் ஒரே விவிலியத்தில் இருக்கின்றன. ஒன்றில் பிள்ளைகளும் தாய்மாரோடு சேர்ந்து வெளியே போகிறார்கள். மற்றொன்றில் பிள்ளைக்கு ஊரே பெயர் வைக்கிறது.

இதை இன்று பேசக் காரணம், நம் தமிழ்நாட்டிலேயே பிறந்து, இங்கேயே படித்து, இங்கேயே பிள்ளை பெற்று, இன்னும் எந்தப் பெயரால் அழைக்கப்படவேண்டும் என்று தீர்மானிக்கப்படாத ஒரு மக்கள் கூட்டம் இருக்கிறது. இலங்கைத் தமிழர் முகாம்களில் பிறந்த பிள்ளைகளைத்தான் சொல்கிறோம். 1983 ஜூலைக் கலவரத்துக்குப் பிறகு படகேறி வந்தவர்களின் பிள்ளைகள். 1990லும், 1996லும், 2006லும் வந்தவர்களின் பிள்ளைகள். 2021இல் தமிழக அரசு இந்த முகாம்களுக்கு 'மறுவாழ்வு முகாம்' என்று பெயர் மாற்றியது. அப்போது முகாம்களுக்குள் மட்டும் 58 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இருந்தார்கள். பெயர் மாறியது நல்லது. வீடுகள் கட்டித் தந்ததும், உதவித்தொகையை உயர்த்தியதும் நல்லது. ஆனால் குடியுரிமை மாநில அரசின் கையில் இல்லை.

மறையுரை நேரத்தில் சட்டம் பேசலாமா என்று சிலர் நினைக்கலாம். சட்டம் தெரியாமல் இந்தப் பிள்ளைகளின் நிலை புரியாது. கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

1955ஆம் ஆண்டின் இந்தியக் குடியுரிமைச் சட்டப்படி, தூதரகக் குடும்பங்கள் போன்ற ஒருசில விதிவிலக்குகளைத் தவிர, இந்த மண்ணில் பிறந்த குழந்தை இந்தியக் குடிமகன். பெற்றோர் யார் என்று யாரும் கேட்கவில்லை. பிறகு சட்டம் திருத்தப்பட்டது. 1987 ஜூலை 1 முதல் பிறந்த குழந்தைக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்கவேண்டும். 2004 டிசம்பர் 3க்குப் பிறகு இன்னும் இறுக்கினார்கள். பெற்றோர் இருவரும் இந்தியராக இருக்கவேண்டும். அல்லது ஒருவர் இந்தியராகவும் மற்றவர் 'சட்டவிரோதக் குடியேறி' அல்லாதவராகவும் இருக்கவேண்டும். பாஸ்போர்ட் இல்லாமல் வந்தவரெல்லாம் சட்டத்தின் பார்வையில் சட்டவிரோதக் குடியேறிதான். உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு இரவில் படகேறியவர் எந்த அலுவலகத்தில் போய் விசா கேட்டிருப்பார்?

ஒரு குடும்பத்தை மனத்தில் வைத்துக்கொள்வோம். 1984இல் வந்தார்கள். மூத்தவள் 1986இல் முகாமில் பிறக்கிறாள். இளையவன் 1988இல் அதே முகாமில், அதே ஓலைத் தடுப்புக்குள் பிறக்கிறான். அக்கா சட்டப்படி இந்தியக் குடிமகள். தம்பி அயல்நாட்டவன். அதோடு முடியவில்லை. அந்த அக்கா முகாமிலேயே ஓர் இளைஞரைத் திருமணம் செய்து 2006இல் பிள்ளை பெற்றால், தாய் இந்தியக் குடிமகளாக இருந்தும் பிள்ளைக்கு இந்தியக் குடியுரிமை இல்லை. தகப்பன் சட்டவிரோதக் குடியேறி என்பதால்.

இது வெறும் கற்பனை என்று எண்ணவேண்டாம். 1986இல் மண்டபம் முகாமில் பிறந்த ஒரு பெண்ணுக்குப் பாஸ்போர்ட் மறுக்கப்பட்டது. 2022இல் உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, அவர் பிறப்பால் இந்தியக் குடிமகள் என்று சொல்லிப் பாஸ்போர்ட் வழங்க ஆணையிட்டது. 2024 ஏப்ரல் 19இல் அவர் முதன்முறையாக வாக்களித்தார். சட்டம் பிறந்த அன்றே தந்த உரிமை கைக்கு வந்துசேர முப்பத்தெட்டு ஆண்டுகள் ஆயின. அவர் போராடினார், பெற்றார். தனக்கு அப்படி ஓர் உரிமை இருப்பதே தெரியாமல் முகாமில் இருப்பவர்கள் எத்தனை பேரோ.

இந்த மக்களில் கணிசமானோர் மலையகத் தமிழர். அவர்கள் கதை இன்னும் பழையது. நம் ஊர்களிலிருந்துதான் அவர்களுடைய பாட்டன்மார் தேயிலைத் தோட்டங்களுக்குப் போனார்கள். போகும் வழியில் நோய்த்தடுப்புக்காக அவர்கள் தங்கவைக்கப்பட்டதும் அதே மண்டபம் முகாமில்தான். 1948இல் சுதந்திர இலங்கை இயற்றிய குடியுரிமைச் சட்டம், நீ எங்கே பிறந்தாய் என்று கேட்கவில்லை. உன் தகப்பன், பாட்டன் எங்கே பிறந்தார்கள், அதற்கு ஆதாரம் காட்டு என்று கேட்டது. தோட்டத்து லயத்தில் பிறந்தவனிடம் பாட்டனின் பிறப்புச் சான்றிதழ் எப்படி இருக்கும்? ஏறத்தாழ ஏழு இலட்சம் பேர் நாடற்றவர் ஆனார்கள்.

பிறகு 1964இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் வந்தது. ஒன்பது இலட்சத்து எழுபத்தைந்தாயிரம் பேரைப் பங்கு பிரித்தார்கள். ஐந்து இலட்சத்து இருபத்தைந்தாயிரம் இந்தியாவுக்கு, மூன்று இலட்சம் இலங்கைக்கு, மீதியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று. அந்த ஒப்பந்தத்தில் பிள்ளைகள் எப்படிக் குறிக்கப்பட்டார்கள் தெரியுமா? 'இயற்கை அதிகரிப்பு' என்று. இத்தனை பேர், அவர்களுடைய இயற்கை அதிகரிப்பையும் சேர்த்து. பண்ணையில் ஆடு மாடு குட்டி போடுவதைக் கணக்கெழுதுவதுபோல. ஓபேது என்று பெயர் வைத்த அந்தப் பெத்லகேம் பெண்கள் இதைக் கேட்டால் என்ன சொல்லியிருப்பார்கள்?

இலங்கை பின்னாளில் 2003இல் சட்டம் இயற்றி, அங்கே எஞ்சியிருந்த மலையக மக்களுக்குக் குடியுரிமை வழங்கியது. அதைப் பாராட்டவேண்டும். ஆனால் கலவரங்களில் தோட்டங்களிலிருந்து விரட்டப்பட்டு, வன்னிக்குப் போய், அங்கிருந்து இங்கே வந்தவர்கள் இந்திய முகாமில் சட்டவிரோதக் குடியேறிகளாகவே இருக்கிறார்கள். இப்படிப்பட்டவர்கள் மதுரைக் கிளையை அணுகினார்கள். அவர்களுடைய விண்ணப்பங்களை மத்திய அரசு பரிசீலிக்கவேண்டும் என்று 2019இல் தீர்ப்பு வந்தது. அதே 2019இன் இறுதியில் வந்த குடியுரிமைத் திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் ஆகிய மூன்று நாடுகளிலிருந்து வந்த இந்துக்கள், சீக்கியர், பௌத்தர், சமணர், பார்சிகள், கிறிஸ்தவர் ஆகியோருக்கு வழி திறந்தது. இஸ்லாமியரை விட்டுவிட்டது. இலங்கையையும் விட்டுவிட்டது. நம் பெயர் பட்டியலில் இருக்கிறதே என்று கிறிஸ்தவர்களாகிய நாம் மகிழ்ந்துகொள்ள முடியுமா? முகாமில் செபமாலை சொல்லும் பிள்ளையும் அந்தப் பட்டியலுக்கு வெளியேதான் நிற்கிறது.

2025 செப்டம்பரில் ஓர் ஆறுதல் கிடைத்தது. 2015 ஜனவரி 9க்கு முன் வந்து பதிவு செய்துகொண்ட இலங்கைத் தமிழர்களைப் பாஸ்போர்ட், விசா இல்லை என்பதற்காகத் தண்டிப்பதில்லை என்று மத்திய அரசு ஆணையிட்டது. குற்றவாளி இல்லை என்பது பெரிய விடுதலைதான். ஆனால் குடிமகன் என்று அது சொல்லவில்லை. பட்டம் பெற்ற முகாம் இளைஞர் அரசுப் பணிக்கு விண்ணப்பிக்க முடியாது. பெயின்ட் அடிக்கப் போகிறார். முகாம்களுக்குப் போய்ப் பாருங்கள், எத்தனை பட்டதாரிகள் பெயின்ட் வாளியோடு காலையில் கிளம்புகிறார்கள் என்று.

'அவர்கள் இலங்கைக்கே திரும்பிப் போகலாமே' என்று நல்ல மனத்தோடு கேட்பவர்கள் உண்டு. போக விரும்புகிறவர் போகட்டும். அதற்கான வழியை எளிதாக்கட்டும். பிள்ளைகளின் பிறப்பைச் சென்னையிலுள்ள இலங்கைத் துணைத் தூதரகத்தில் பதிவு செய்து இலங்கைக் குடியுரிமை பெற்ற குடும்பங்களும் உண்டு. ஆனால் முப்பது வயதான ஒருவருக்கு, கண்ணால் பார்த்தேயிராத திருகோணமலைக்குப் போவது 'திரும்பி'ப் போவது ஆகுமா?

இன்னும் சிலர் வாய்விட்டுச் சொல்வதில்லை. மனத்தில் 1991 இருக்கிறது. திருப்பெரும்புதூரில் நடந்த கொலையை நாம் யாரும் மறக்கவில்லை, மறக்கவும் கூடாது. ஆனால் அதற்கு அடுத்த ஆண்டு முகாமில் பிறந்த குழந்தை எதற்குப் பொறுப்பு? தந்தையர் புளித்த திராட்சையைத் தின்றால் பிள்ளைகளின் பல் கூசும் என்ற பழமொழியை இனி யாரும் சொல்லக்கூடாது என்று எசேக்கியேல் இறைவாக்கினர் 18ஆம் அதிகாரத்தில் கண்டிக்கிறார். இந்தப் பிள்ளைகள் விஷயத்தில் திராட்சையைத் தின்றவர் அவர்களுடைய தந்தையர்கூட இல்லையே.

எல்லையைக் காக்க அரசுக்கு உரிமை இல்லை என்று திருஅவை ஒருபோதும் சொன்னதில்லை. கத்தோலிக்கத் திருஅவையின் மறைக்கல்வி 2241ஆம் எண்ணில், வந்தேறுவோரை இயன்றவரை வரவேற்கும் கடமையையும், பொதுநலன் கருதி நிபந்தனை விதிக்கும் அரசின் உரிமையையும், வந்தவர்கள் அந்நாட்டுச் சட்டத்தை மதிக்கும் கடமையையும் சேர்த்தே சொல்கிறது. வயது வந்த ஒருவர் எல்லை தாண்டினால் அது அவருடைய செயல். அதற்கு நிபந்தனை வைக்கலாம். குழந்தை எந்த எல்லையையும் தாண்டவில்லை. அது இங்கே பிறந்தது. அவ்வளவுதான் அது செய்தது.

நம்மில் பலருக்கு இது சட்டென்று புரியும் ஓர் இடம் இருக்கிறது. நம் பங்குகளில் எத்தனையோ பேரின் பிள்ளைகள் அமெரிக்காவில் கணினி வேலையில் இருக்கிறார்கள். அந்நாட்டு அரசியலமைப்பின் 1868ஆம் ஆண்டுத் திருத்தப்படி அங்கே பிறந்த பேரக்குழந்தைக்குக் குடியுரிமை உண்டு. 2025 ஜனவரியில் அந்நாட்டு அதிபர், தற்காலிக விசாவில் இருப்போரின் பிள்ளைகளுக்கு அது கிடையாது என்று ஆணையிட்டதும், நம் வீடுகளில் எத்தனை பதற்றம்! எத்தனை பேர் திருப்பலிக் கருத்து எழுதிக் கொடுத்தார்கள்! பிறந்த மண்ணில் குழந்தைக்கு உரிமை இல்லையா என்று கேட்டார்கள். நியாயமான கேள்வி. நீதிமன்றங்கள் அந்த ஆணையைத் தடுத்தபோது நாமும் மகிழ்ந்தோம். அதே கேள்வியை முகாமுக்கும் கேட்கவேண்டும் என்றுதான் சொல்கிறோம். நம் பேரனுக்குக் கலிபோர்னியாவில் ஒரு நீதி, பக்கத்து ஊர்ப் பிள்ளைக்கு வேறொரு நீதி என்று இறைவன் முன் நின்று செபிக்க முடியாது.

சட்டத்தைத் திருத்துவது நாடாளுமன்றத்தின் வேலை. நம் தொகுதி உறுப்பினரிடம் இதைக் கேட்கலாம். தேர்தல் நேரத்தில் மட்டுமல்ல. ஆனால் ஒன்று பங்கு மக்களாகிய நம் கையிலேயே இருக்கிறது.

நம் பங்குகளில் திருமுழுக்குப் பதிவேடு உண்டு. அதில் குழந்தை பிறந்த நாள், இடம், பெற்றோர் பெயர், ஞானப்பெற்றோர் பெயர் எல்லாம் எழுதப்படுகின்றன. எந்த நாட்டுக் குடிமகன் என்று ஒரு கட்டம் அதில் இல்லை. 1987 ஜூலைக்கு முன் முகாம்களில் பிறந்த பிள்ளைகள் பலரிடம் பிறப்புச் சான்றிதழ் கிடையாது. ஓராண்டுக்கு மேல் தாமதமான பிறப்பைப் பதிவு செய்ய நடுவரின் ஆணை வேண்டும். அந்த விண்ணப்பத்தோடு வைக்கப் பழைய எழுத்து ஒன்று தேவைப்படும்போது, நாற்பது ஆண்டுக்கு முன் ஒரு குருவானவர் மைபேனாவால் எழுதிய அந்த ஒரு வரி உதவுகிறது. அது மட்டும் போதும் என்று சொல்லவில்லை. ஆனால் அதுவும் இல்லாவிட்டால் பலரிடம் எதுவுமே இல்லை. ஆகவே முகாம்களை அடுத்துள்ள பங்குகளின் அருள்தந்தையர்களை அன்போடு கேட்கிறோம்: 1983 முதல் 1987 வரையிலான பதிவேடுகளைக் கரையான் அரிக்க விடாதீர்கள். சான்று கேட்டு வருபவரை அடுத்த வாரம் வா என்று அலையவிடாதீர்கள். கட்டணமும் வேண்டாம்.

அந்த ஆண்டுகளில் உங்கள் ஊருக்கு அருகில் முகாம் இருந்தது, ஏதோ ஒரு அகதிக் குழந்தைக்கு ஞானப்பெற்றோராக நின்றீர்கள், பிறகு அந்தக் குடும்பம் எங்கே போயிற்று என்றே தெரியவில்லை என்றால், நீங்கள் அந்தப் பிறப்புக்குச் சாட்சி. பதிவேட்டில் உங்கள் பெயர் இருக்கிறது. உங்களுக்கு இப்போது எழுபது வயது இருக்கலாம், எண்பதும் இருக்கலாம். பங்குத்தந்தையிடம் சென்று அந்தப் பக்கத்தைத் திறந்து பாருங்கள். அந்தக் குழந்தையின் பெயரைக் குறித்துக்கொண்டு, முகாமில் விசாரியுங்கள். உங்கள் கையெழுத்து அவர்களுக்குத் தேவைப்படலாம்.