வாயிலும் வழியும்



சமூக நீதி என்னும் சொல் மேடைதோறும் ஒலிக்கிறது. சமவாய்ப்பு என்னும் சொல்லும் அதனோடு இணைந்தே வருகிறது. இரண்டையும் வெளிப்படையாக மறுப்பவர் எவருமில்லை. ஆயினும் அவற்றின் பொருள் யாது என்று வினவினால் விடைகள் வேறுபடுகின்றன. பள்ளியின் கதவு அனைவர்க்கும் திறந்திருந்தால் அதுவே சமவாய்ப்பு என்பர் ஒரு சாரார். அக்கதவு வரை நடந்துவர வழியற்ற பிள்ளைக்குத் திறந்த கதவால் என்ன பயன் என்பர் மற்றொரு சாரார். அரசியல் மெய்யியலில் நெடுங்காலமாக நிகழ்ந்துவரும் இவ்வாதத்தைப் புதுச்சேரியின் வில்லியனூர், பாகூர் கொம்யூன்களைக் கொண்டே தெளிவாக விளங்கிக்கொள்ளலாம்.

முதலில் பாகூர். ஒன்பதாம் நூற்றாண்டில், பல்லவ மன்னன் நிருபதுங்கவர்மனின் எட்டாம் ஆட்சியாண்டில் பொறிக்கப்பெற்ற பாகூர்ச் செப்பேடுகள் ஒரு கல்விக் கொடையைக் கூறுகின்றன. அவ்வூரில் இயங்கிய வித்தியாஸ்தானம் என்னும் உயர்கல்வி நிலையத்துக்குச் சேட்டுப்பாக்கம், விளாங்காட்டங்கடுவனூர், இறைப்புனைச்சேரி என்னும் மூன்று ஊர்கள் வழங்கப்பட்டன. கல்விக்காக ஊர்களையே எழுதிவைத்த அச்செயல் போற்றத்தக்கது. எனினும் அக்கொடைக்கு மற்றொரு பக்கமும் உண்டு. அம்மூன்று ஊர்களின் விளைச்சலே அந்நிலையத்தைத் தாங்கியது. மறைகற்ற அந்தணர்க்கென அமைந்த அவ்விடத்தில், அவ்வயல்களில் இறங்கி உழுதவர்தம் பிள்ளைகளும் கற்றனர் என்பதற்குச் செப்பேட்டில் ஒரு சொல்லும் இல்லை. கல்வி செழித்தது, அதன் வாயில் ஒரு சிலர்க்கே திறந்திருந்தது.

ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்குப் பின், பிரெஞ்சு ஆட்சியில், அதே நிலப்பகுதியில் வாயிலைக் குறித்த வேறொரு வரலாறு நிகழ்ந்தது. பொன்னுத்தம்பி பிள்ளை என்னும் புதுச்சேரி வழக்கறிஞர் 1873இல் ஐரோப்பியக் காலணி அணிந்து நீதிமன்றத்துள் நுழைந்தமைக்காகத் தண்டிக்கப்பட்டார். அவர் பாரிசு வரை வழக்கை எடுத்துச்சென்று வென்றார். பின்னர் 1881 செப்டம்பர் 21ஆம் நாள் ஓர் ஆணை பிறந்தது. தம் சாதி, சமய வழக்குச் சட்டங்களைத் துறந்து பிரெஞ்சு உரிமையியல் சட்டத்தை ஏற்பவர் புதிய குடும்பப்பெயர் பெற்றுப் பிரெஞ்சுக் குடிமக்களுக்குரிய நிலையை அடையலாம் என்றது அவ்வாணை. பொன்னுத்தம்பி பிள்ளை தமக்கெனக் கொண்ட பெயர் லாப்போர்த். பிரெஞ்சு மொழியில் அதற்கு வாயில் என்பது பொருள்.

அவ்வாயில் மெய்யாகவே திறந்தது. ஒடுக்கப்பட்ட சாதியினர் பலர் அதனுள் நுழைந்து புதுப்பெயரும் தன்மதிப்பும் பெற்றனர். ஆனால் பெயர் மாறிய அளவில் நிலம் கைமாறிவிடவில்லை. சேரியிலிருந்து பள்ளிக்குச் செல்லும் தொலைவும் குறைந்துவிடவில்லை. சட்டம் தரும் சமத்துவம் இன்றியமையாத முதற்படி. முதற்படியில் நிற்பவர் மாடியை அடைந்தவர் ஆகார்.

இவ்வேறுபாட்டை எளிய கதையொன்றால் விளக்கியவர் பெர்னார்ட் வில்லியம்ஸ் என்னும் ஆங்கில மெய்யியலாளர். சமத்துவம் பற்றி 1962இல் அவர் எழுதிய கட்டுரையில் கற்பனை நாடொன்று வருகிறது. அங்கே போர்வீரர்க்கே பெருமதிப்பு. முன்பு செல்வர் குடியினர் மட்டுமே வீரராகலாம். சீர்திருத்தம் ஒன்று வந்து, உடல்வலிமைத் தேர்வில் வெல்லும் எவரும் வீரராகலாம் என விதி மாறுகிறது. விதி மாறிய பின்னரும் செல்வர் பிள்ளைகளே மீண்டும் மீண்டும் வெல்கின்றனர். ஏனெனில் பிறர் பசியால் மெலிந்திருக்கின்றனர். தேர்வில் வஞ்சனை இல்லை, அளவுகோலும் ஒன்றே. ஆயினும் அந்நாட்டில் சமவாய்ப்பு உண்டு என்று சொல்ல மனச்சான்று இடந்தருவதில்லை. அமெரிக்க மெய்யியலாளர் ஜான் ரால்ஸ் 1971இல் வெளியிட்ட நீதிக் கோட்பாட்டு நூலில் இதனை வரையறுத்துக் கூறினார். ஒரே அளவு இயல்திறனும் ஒரே அளவு முயற்சியும் உடைய இரு பிள்ளைகள், எக்குடியில் பிறந்திருப்பினும், உயர்நிலையை அடைவதற்கு ஏறத்தாழ ஒரே அளவு வாய்ப்பு உடையவராதல் வேண்டும். அதுவே நேர்மையான சமவாய்ப்பு என்பது அவர் முடிபு.

பசியைப் பற்றிய வில்லியம்ஸின் கதை புதுச்சேரிக்குப் புதிதன்று. அவர் அதனை எழுதுவதற்கு முப்பது ஆண்டுகளுக்கு முன்னரே, 1930இல், பிரெஞ்சு நிருவாகம் இங்கே பள்ளிகளில் நண்பகல் உணவுத் திட்டத்தைத் தொடங்கியது. வெறும் வயிற்றோடு அமர்ந்த பிள்ளைக்கும் உண்டு வந்த பிள்ளைக்கும் ஒரே பாடத்தை நடத்துவது சமமாக நடத்துவது ஆகாது என்னும் உண்மையை அச்சோறு உணர்த்தியது. கதவுக்கும் வீட்டுக்கும் இடையிலுள்ள வழியில் வைக்கப்பட்ட முதற்கல் அது.

இன்றைய நிலை யாது? வில்லியனூர் கொம்யூனின் அரியூரிலும், பாகூர் கொம்யூனின் கிருமாம்பாக்கத்திலும் பிள்ளையார்குப்பத்திலும் மருத்துவக் கல்லூரிகள் எழுந்துள்ளன. நாற்று நடும் பெண் நிமிர்ந்தால் கல்லூரிக் கட்டடம் கண்ணிற்படும். அக்கல்லூரி மருத்துவமனைக்கு அவள் நோயாளியாகச் செல்கிறாள். அவள் மகள் அங்கே மருத்துவ மாணவியாகச் செல்வது எளிதாக இருந்ததில்லை. மருத்துவப் படிப்புக்கான நீட் தேர்வின் வினாத்தாள் அனைவர்க்கும் ஒன்றே. ஆனால் அதற்கென ஓராண்டும் ஈராண்டும் தனிப்பயிற்சி பெற்றுவரும் நகரத்து மாணவரும், அரசுப் பள்ளிப் பாடத்தோடு வீட்டு வேலையும் சுமந்துவரும் சிற்றூர் மாணவியும் ஒரே இடத்திலிருந்து ஓட்டத்தைத் தொடங்கவில்லை.

இக்குறையை உணர்ந்து, நீதியரசர் கலையரசன் ஆணையத்தின் பரிந்துரைக்குப் பின் தமிழ்நாடு 2020இல் சட்டம் இயற்றி, அரசுப் பள்ளி மாணவர்க்கு மருத்துவ இடங்களில் 7.5 விழுக்காடு உள்ஒதுக்கீடு அளித்தது. சென்னை உயர்நீதிமன்றம் 2022இல் அச்சட்டத்தைச் செல்லும் என உறுதிசெய்தது. புதுச்சேரியிலும் 2023இல் நடுவணரசின் இசைவுடன் அரசுப் பள்ளி மாணவர்க்கு 10 விழுக்காடு ஒதுக்கீடு நடைமுறைக்கு வந்தது.

இவ்விடத்தில் ஓர் ஐயம் எழும். அதனை மறைப்பது முறையன்று. ஒதுக்கப்பட்ட இடம் ஒவ்வொன்றும் மற்றொரு பிள்ளை பெற்றிருக்கக்கூடிய இடமே. தம் பிள்ளையைத் தனியார் பள்ளியில் சேர்த்து, சிறுகச் சிறுகச் சேமித்துப் பயிற்சிக்கு அனுப்பும் நடுத்தரக் குடும்பம், மிகுந்த மதிப்பெண் பெற்ற தன் மகனைக் காட்டிலும் குறைந்த மதிப்பெண் பெற்றவர் உள்ளே செல்வது நீதியா என வினவும். அவ்வினாவில் வேதனை உண்டு. அதனைத் தன்னலம் என்று தள்ளிவிடல் தகாது.

அதற்கு இரு விடைகள் உள்ளன. முதலாவது, மதிப்பெண் என்பது திறனை மட்டும் அளப்பதில்லை. திறனோடு வாய்ப்பையும் சேர்த்தே அளக்கிறது. துணையின்றி மலையேறியவர் பாதி உயரத்தை எட்டியிருப்பினும் அவர் கால்வலிமை குறைந்தது என்று சொல்லிவிட முடியாது. ஒதுக்கீட்டில் நுழைவோரும் நீட் தேர்வில் தகுதி பெற்றே நுழைகின்றனர். இறுதித் தேர்வையும் பிறரைப் போலவே எழுதித் தேறிய பின்னரே மருத்துவர் ஆகின்றனர். இரண்டாவது விடை ரால்ஸ் கூறியது. நாட்டின் விதிகளை வகுப்போர், தாம் எவ்வீட்டில் பிறக்கப்போகிறோம் என்பதை அறியாதவராக அமர்ந்து அவற்றை வகுக்க வேண்டும் என்றார் அவர். தம் பிள்ளை பாகூரில் கூலி உழவரின் வீட்டில் பிறக்குமா, நகரத்தில் வணிகர் வீட்டில் பிறக்குமா என்பது தெரியாத தாய் தந்தையர், நூற்றில் பத்து இடங்களை அரசுப் பள்ளிப் பிள்ளைகளுக்கென ஒதுக்குவதை மறுப்பார்களா? பெரும்பாலோர் மறுக்கமாட்டார்.

சமண நெறியில் வளர்ந்தோர்க்கு இவ்வெண்ணம் அயலானதன்று. எல்லா உயிர்க்கும் அளவற்ற அறிவே இயல்பு. அதனை மறைப்பது ஞானாவரணீய வினை. பிறரது அறிவைக் கண்டு பொறாமை கொள்ளுதல், அறிந்ததை ஒளித்தல், கற்பவர்க்கு இடையூறு செய்தல் ஆகியவை அவ்வினையைச் சேர்க்கும் வாயில்கள் எனத் தத்துவார்த்த சூத்திரம் எண்ணிக் கூறுகிறது. வறியவன் கல்லாமைக்கு அவன் பழவினையே காரணம் என்று சொல்லி ஒதுங்குவோர் இப்பகுதியை மறந்தவராவர். ஒருவர் கற்கத் தடையாக இருக்கும் சமூக அமைப்பைக் கண்டும் வாளாவிருத்தல், அத்தடையில் பங்கு கொள்வதாகவே முடியும். தீர்த்தங்கரரின் சமவசரணத்தில் வானவரும் மாந்தரும் விலங்குகளும் தத்தமக்குரிய இடத்தில் அமர்ந்து அறவுரை கேட்டனர் என்பது மரபு. செவியுடையோர் அனைவர்க்கும் அங்கே இருக்கை அமைந்திருந்தது என்பதே அதில் கருதத்தக்கது.

எனினும் ஒதுக்கீட்டாலேயே அனைத்தும் நிறைவேறிவிடும் எனக் கருதுதல் பிழை. அது கடைசிக் கதவருகே தரப்படும் கைத்தாங்கல். ஒன்பதாம் வகுப்பிலேயே படிப்பை நிறுத்திய பிள்ளையை அது எட்டாது. அதற்கு முந்தைய வழியைச் செப்பனிட வேண்டும். வழியைச் செப்பனிடும் அதிகாரம் யார் கையில் உள்ளது என்பதும் நீதியின் பாற்பட்ட வினாவே.

புதுச்சேரியில் 1968இல் நடந்த உள்ளாட்சித் தேர்தலுக்குப் பின், அடுத்த தேர்தல் 38 ஆண்டுகள் கழித்து 2006இல்தான் நடைபெற்றது. அப்போது பட்டியலினத்தவர்க்கும் பெண்களுக்கும் இடங்கள் ஒதுக்கப்பட்டன. பண்ணையில் வேலை செய்த குடும்பத்தினரும் வீட்டைவிட்டு வெளிவராத பெண்களும் கொம்யூன் பஞ்சாயத்தின் நாற்காலியில் அமர வழி பிறந்தது. அவர்தம் பதவிக்காலம் 2011இல் முடிந்தது. 2021இல் அறிவிக்கப்பட்ட தேர்தலும் இடஒதுக்கீடு குறித்த வழக்கினால் நடைபெறாது நின்றுபோயிற்று. தெருவிளக்கு, குடிநீர், சாலை, நூலகம் ஆகியவற்றைக் கேட்டுப் பெறுவதற்கு ஊரார் தேர்ந்தெடுத்த ஒருவர் இல்லாதபோது, மாலை வகுப்பு முடிந்து இருளில் திரும்பும் சிறுமியின் அச்சம் எவர் செவியையும் எட்டுவதில்லை. கல்வியில் சமவாய்ப்பும் ஆட்சியில் சமவாய்ப்பும் ஒன்றையொன்று தாங்கி நிற்பவை.

அரசு செய்ய வேண்டியதை அரசே செய்தல் வேண்டும். ஆயினும் அறக்கட்டளைகளுக்கும் குடும்பங்களுக்கும் உரிய பங்கு சிறிதன்று. உணவு, அடைக்கலம், மருந்து, கல்வி என நால்வகைத் தானங்களை முன்னோர் வகுத்தனர். அவற்றை ஒரே பிள்ளையின் வாழ்வில் வைத்துப் பார்த்தால் அவற்றின் ஒருமை விளங்கும். காலையில் உண்டு, நோயின்றி, அச்சமின்றிப் பள்ளி சென்று, கற்றுத் தேறும் பிள்ளைக்கே வாயில் மெய்யாகத் திறந்துள்ளது. நான்கனுள் ஒன்று குறைந்தாலும் வழி அறுந்துபோகும். வில்லியனூர், பாகூர்ச் சிற்றூர்களில் ஓர் இரவுப் படிப்பகம், நுழைவுத்தேர்வுக்குக் கட்டணமில்லாப் பயிற்சி, தேறிய மாணவிக்கு விடுதிச் செலவு எனச் சாத்திர தானம் இக்காலத்துக்குரிய வடிவம் பெறலாம். சமணத் துறவியர் உறைந்த இடத்துக்கு வழங்கிய பள்ளி என்னும் சொல்லே இன்று கல்விச்சாலையின் பெயராக நிற்கிறது. அச்சொல்லை நாட்டுக்கு அளித்த மரபினர்க்கு, அதன் வாயில் வரை செல்லும் வழியைக் காப்பதும் கடமையாகும்.

செப்பேட்டுக் காலத்தில் மூன்று ஊர்களின் விளைச்சல் ஒரு கல்வி நிலையத்தைத் தாங்கியது. இனி அக்கல்வியின் விளைச்சல் அவ்வூர்களின் பிள்ளைகளைத் தாங்குக.