செஞ்சி பேருந்து நிலையத்தில் நின்று ஒரு ரயில் பேச்சு

செஞ்சி என்றதும் உங்கள் மனம் கோட்டையின் ராஜகிரி உச்சிக்கு ஏறியிருக்கும். தேசிங்கு ராஜன் கதையும் கல்யாண மகாலும் நீங்கள் அறிந்தவை. 2025 ஜூலையில் யுனெஸ்கோ 12 மராத்தியக் கோட்டைகளை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோது, மகாராஷ்டிரத்துக்கு வெளியே இடம்பெற்ற ஒரே கோட்டை இதுதான் என்ற செய்தியையும் கேட்டிருப்பீர்கள். ஆகவே இன்று மலை ஏற வேண்டாம். செஞ்சி பேருந்து நிலையத்தில் தொடங்கி, தெற்கே வயல்வெளி வழியாக அனந்தபுரம் பேரூராட்சி வரை போய்வருவோம்.

பேருந்து நிலையத்திலேயே கொஞ்சம் நிற்கத் தோன்றுகிறது. திருவண்ணாமலையிலிருந்து சென்னைக்குப் போகும் வண்டி காலையில் இங்கே நுழையும்போதே நிற்க இடமில்லாமல் இருக்கும். "திண்டிவனம், கிளாம்பாக்கம்!" என்ற குரலுக்கு முன்னாலேயே ஜன்னல் வழியாகத் துண்டும் பையும் உள்ளே போய் இடம் பிடித்துவிடும். கல்லூரிக்குப் போகிற பிள்ளைகள், முண்டியம்பாக்கம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு விழுப்புரம் பக்கமாகப் போக வேண்டிய பெரியவர்கள், ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்துக்கு நெல் கொண்டுவந்துவிட்டுத் திரும்புகிற விவசாயிகள் என்று எல்லோரும் ஒரே கூரையின் கீழ் காத்திருக்கிறார்கள். இவ்வளவு பேர் நடமாடும் இந்த ஊரில் ரயில் நிலையம் கிடையாது. திண்டிவனம், செஞ்சி, திருவண்ணாமலை என்று ஏறக்குறைய 70 கிலோமீட்டர் புதிய பாதைக்கு 2006-07ஆம் ஆண்டில் ஒப்புதல் கிடைத்தது. இன்றுவரை அதில் ஒரு வண்டியும் ஓடவில்லை. கூட்டம் சேரட்டும், அதன் பிறகு ரயில் விடலாம் என்ற எண்ணம் நம்மிடம் ஊறிப்போயிருக்கிறது. அந்த வரிசை தலைகீழானது என்பதே என் கட்சி. தண்டவாளம் முதலில் வந்தால்தான் தினசரிப் பயணி என்று ஒருவர் பிறக்கிறார்.

இதற்குச் சாட்சி தேடி வெகுதூரம் போக வேண்டாம். சென்னை கடற்கரையிலிருந்து தாம்பரம் வரை மின்சார ரயில் ஓடத் தொடங்கியது 1931இல். அன்று சைதாப்பேட்டையைத் தாண்டினால் பெரும்பாலும் ஏரியும் வயலும்தான். இன்று அந்தப் பாதையில் நிலையம் உள்ள ஊர்களில் குடியிருப்பவர்கள் எத்தனை லட்சம் பேர் என்று எண்ணிப் பாருங்கள். பல்லாவரத்திலோ குரோம்பேட்டையிலோ வீடு தேடுபவர் முதலில் கேட்பது, ஸ்டேஷன் எவ்வளவு தூரம் என்பதைத்தான்.

ஜப்பானியர்கள் இதையே ஒரு தொழிலாகச் செய்து காட்டினார்கள். ஒசாகா நகரத்துக் கதை ஒன்று சொல்கிறேன், கேளுங்கள். அனந்தபுரம் எங்கும் ஓடிப்போய்விடாது. கோபாயாஷி இச்சிசோ என்பவர் 1910இல் ஒசாகாவின் உமேதாவிலிருந்து தக்காராசுகா என்ற வெந்நீர் ஊற்று ஊருக்கு மின்சார ரயில் விட்டார். வழியெல்லாம் வயல்கள், பெரிய ஊர் ஏதும் இல்லை. அவர் செய்தது என்ன தெரியுமா? பாதையோரம் இக்கேடாவில் நிலம் வாங்கி, வீடு கட்டி, மாதத் தவணையில் சம்பளக்காரர்களுக்கு விற்றார். முன்பணம் போக மிச்சத்தைப் பத்து ஆண்டுகளில் கட்டினால் போதும். குடியேறியவர்கள் மறுநாளே பயணிகளாகிவிட்டார்கள். கடைசி நிலையத்தில் பெண்கள் மட்டுமே நடிக்கும் நாடகக் குழு 1914இல் மேடையேறியது. அதன் பிறகு எதிர்த்திசையிலும் வண்டி காலியாகப் போகவில்லை. 1929இல் உமேதா நிலையத்தோடு சேர்த்தே பல்பொருள் அங்காடி ஒன்றும் திறந்தார். அங்கிருந்த உணவகத்தில் நடந்ததுதான் எனக்கு மிகவும் பிடித்த பகுதி. அது பொருளாதார மந்த காலம். கையில் காசில்லாத இளைஞர்கள் வெறும் சோறு மட்டும் வாங்கி, மேசையில் இலவசமாக இருந்த சாஸை ஊற்றிச் சாப்பிட்டுவிட்டுப் போனார்கள். மற்ற உணவகங்கள் முகம் சுளித்திருக்கும். கோபாயாஷி, சோறு மட்டும் கேட்பவர்களையும் வரவேற்கிறோம் என்று எழுதியே வைக்கச் சொன்னார். இன்று அவர்கள் ஏழைகள். நாளை கல்யாணமாகி, பிள்ளைகளை அழைத்துக்கொண்டு இங்கேதான் வருவார்கள் என்பது அவர் கணக்கு. ரயில் பாதைக்கும் சோற்றுக்கும் அவர் ஒரே கணக்கைத்தான் போட்டார். அதே ஒசாகாவில் 1933இல் மிதோசுஜி சுரங்க ரயில் திறந்தபோது ஓடியது ஒற்றைப் பெட்டி. நடைமேடையையோ பல பெட்டிகள் நிற்கும் நீளத்துக்குக் கட்டியிருந்தார்கள். இன்று பத்துப் பெட்டி வண்டி அதில் நிறைந்து வருகிறது.

அது ஜப்பான், ஒசாகாவின் பணமும் நெருக்கமும் நமக்கு எங்கே என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. செஞ்சி ஒசாகா ஆகப்போவதில்லை, ஆகவும் வேண்டாம். ஆனால் நம் பக்கத்திலேயே ஒரு சோதனை நடந்திருக்கிறது. 2024 மே மாதத்தில், சென்னை கடற்கரையிலிருந்து வேலூர் கன்டோன்மென்ட் வரை ஓடிய வண்டியைத் திருவண்ணாமலை வரை நீட்டித்தார்கள். அரக்கோணம், காட்பாடி என்று சுற்றிப்போகும் அந்த வண்டிக்கு ஆறு மணி நேரம் பிடிக்கிறது; நள்ளிரவில்தான் போய்ச் சேருகிறது. கட்டணம் 50 ரூபாய் என்றதும் மக்கள் அதை ஆவலோடு வரவேற்றார்கள். இத்தனை சுற்றுப் பாதைக்கே இந்த வரவேற்பு என்றால், திண்டிவனத்திலிருந்து செஞ்சி வழியாக நேரே போகும் பாதைக்கு ஆள் கிடைக்காது என்று எப்படிச் சொல்ல முடியும்? பௌர்ணமிதோறும் கிரிவலத்துக்குப் போகிற கூட்டம் இந்தச் செஞ்சி சாலையில்தான் நெரிகிறது.

பேருந்துதான் அடிக்கடி இருக்கிறதே என்பது இன்னொரு வாதம். பேருந்தை நான் குறைத்துச் சொல்லவில்லை. அனந்தபுரம் மாதிரி ஊரின் உள்தெரு வரை வருவது அதுதான். ஆனால் தினமும் போய்வருகிறவருக்கு வேண்டியவை இரண்டு: இத்தனை மணிக்குப் போய்ச் சேருவோம் என்ற உறுதி, சம்பளத்தைத் தின்னாத செலவு. சென்னைக்குப் போகும் ஜி.எஸ்.டி. சாலை நெரிசலில் முதலாவது கிடைப்பதில்லை. இரண்டாவதைத் தருவது ரயிலின் சீசன் டிக்கெட். மறைமலை நகரிலும் சிங்கப்பெருமாள் கோவிலிலும் வேலை பார்க்கும் இந்தப் பக்கத்துப் பிள்ளைகள், அறை எடுத்து நாலைந்து பேராகத் தங்கி வாடகை கொடுக்கிறார்கள். சீசன் இருந்தால் அந்த வாடகை வீட்டுக்கு வரும்.

இதற்கு எதிராகச் சொல்லக்கூடியவற்றில் என்னை யோசிக்க வைப்பது ஒன்று உண்டு. நீண்ட தினசரிப் பயணம் மனிதரை வாட்டுகிறது. டோக்கியோவில் காலை நெரிசலில் நின்றுகொண்டே தூங்குகிறவர்களும், பயணிகளை உள்ளே தள்ளிக் கதவை மூட உதவும் ஊழியர்களும் உலகம் அறிந்த காட்சி. அந்த வாழ்க்கையைச் செஞ்சிக்கு யாரும் விரும்ப மாட்டார்கள். ஆனால் இங்கே ரயில் முதலில் பயன்படப்போவது சென்னைக்கு அல்ல. செஞ்சியிலிருந்து திண்டிவனம், செஞ்சியிலிருந்து திருவண்ணாமலை என்ற குறுந்தூரத்துக்குத்தான். வீட்டில் இருந்துகொண்டே கல்லூரிக்குப் போய்வர அது போதும். இந்தப் பாதைக்கு நிலம் கொடுக்கும் விவசாயிக்குத் தாமதமில்லாமல் நல்ல விலை தர வேண்டும் என்பதில் இரண்டு பேச்சுக்கு இடமில்லை.

அனந்தபுரம் போய்ச் சேரவில்லை, பார்த்தீர்களா? அந்தச் சாலையை அடுத்த உரைக்கு வைத்துக்கொள்வோம். பாதை வரும்வரை செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. காலையில் திண்டிவனத்தில் நின்று சென்னைப் பக்கம் போகும் ரயில்களின் நேரத்தைப் பார்த்து, அதற்கு இருபது நிமிடம் முன்னால் ரயில் நிலைய வாசலில் இறக்கிவிடும்படி செஞ்சியிலிருந்தும் அனந்தபுரத்திலிருந்தும் இரண்டு பேருந்துகள் விடலாம். மாலையில் ரயில்கள் திரும்பும்போது அதே பேருந்துகள் வாசலில் காத்திருக்கலாம். புதிய தண்டவாளம் வேண்டியதில்லை, ஒரு நேர அட்டவணை போதும். அதில் எத்தனை பேர் ஏறுகிறார்கள் என்று ஆறு மாதம் எண்ணினால், அந்த 70 கிலோமீட்டருக்கான வாதத்தை அந்த எண்ணிக்கையே எடுத்து வைக்கும்.